முப்பத்திரண்டு கட்டை உயர வானம்

(ராஜபாளையத்தில், பெற்றோரும் மாணவர்களும் கூடியிருந்த வாசகர் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் அச்சு வடிவம்)



அழைக்க வந்தவர்கள், "கம்ப்யூட்டர் விளையாட்டால் பிள்ளைகள் கெட்டுப்போவதைப் பற்றிப் பேசுங்கள் சார்" என்றார்கள். சரி என்று சொல்லி அனுப்பிவிட்டேன். அவர்கள் தெருமுனை தாண்டுவதற்குள் எனக்கு உறைத்தது: எங்கள் வீட்டில் கெட்டுப்போன ஆள் நான்தான். கோடை விடுமுறையில் ராத்திரி பதினொரு மணி வரை லேப்டாப்பை விடாமல் உட்கார்ந்திருந்தவன் நான். பேத்தி ஒன்பது மணிக்கே தூங்கப் போய்விடுவாள்.

அந்தப் பேத்தி ஏழாம் வகுப்பு. ஸ்ரீவில்லிபுத்தூரில் படிக்கிறாள். பேரைச் சொல்ல மாட்டேன். சொன்னால் வீட்டில் சோறு கிடைக்காது. லீவுக்கு இங்கே வந்தவள், அவள் மாமாவுக்கு அரசாங்கம் கொடுத்த பழைய விலையில்லா மடிக்கணினியைப் பரணிலிருந்து இறக்கிவைத்துக்கொண்டு ஏதோ செய்துகொண்டிருந்தாள். 2011 செப்டம்பரில் தொடங்கிய திட்டத்தில் வந்த சரக்கு அது. மின்விசிறியைவிடச் சத்தமாக ஓடும்.

"என்னம்மா பண்ற?"

"கோபுரம் கட்டுறேன் தாத்தா. முட்டுது."

"எது முட்டுது?"

"வானம்."

முப்பது வருஷம் பாலிடெக்னிக்கில் சிவில் பையன்களுக்குப் படம் வரையச் சொல்லிக்கொடுத்தவன் நான். சுவர் முட்டும், பீம் முட்டும், மாடிப்படியில் தலை முட்டும். வானம் முட்டி ஒரு கட்டடம் நின்றதாகக் கேட்டதில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன்.

விளையாட்டின் பெயர் மைன்கிராஃப்ட். இங்கே உள்ள பிள்ளைகளுக்கு நான் விளக்கவேண்டியதில்லை, பெரியவர்களுக்காகச் சொல்கிறேன். கண்ணுக்கு எட்டிய தூரம் ஒரு நிலம். மண், கல், மரம், தண்ணீர் எல்லாமே சதுரக் கட்டைகள். ஒன்றைத் தட்டி எடுக்கலாம், இன்னொன்றை வைக்கலாம். அவ்வளவுதான். யாரையும் ஜெயிக்க வேண்டாம், மதிப்பெண் கிடையாது, முடிவும் கிடையாது. சுவீடன் நாட்டு நிரலாளர் மார்கஸ் பெர்சன் 2009 மே மாதம் இதை முதன்முதலில் வெளியிட்டார். அப்போது இதை எங்கேயும் நிறுவ வேண்டியதில்லை. இணைய உலாவியைத் திறந்தால் அதற்குள்ளேயே ஜாவா என்ற ஒட்டுறுப்பில் ஓடும். நம் ஊர் பிரவுசிங் சென்டரில் மணிக்கு இவ்வளவு என்று காசு கொடுத்து உட்கார்ந்த பையனுக்கும் அதே உலகம்தான், ஸ்டாக்ஹோம் பையனுக்கும் அதே உலகம்தான்.

அவருக்கும் முன்னோடி ஒருவர் உண்டு. அதே 2009-இல் ஜக்காரி பார்த் என்ற அமெரிக்கர் இன்ஃபினிமைனர் என்றொரு விளையாட்டைச் செய்தார். சிவப்பு அணி, நீல அணி. யார் அதிகம் தோண்டித் தாது எடுக்கிறார்கள் என்று போட்டி. ஆட வந்தவர்களோ போட்டியை மறந்துவிட்டு, தோண்டிய கட்டையை வைத்து வீடு கட்ட ஆரம்பித்துவிட்டார்கள். மண்ணைக் கையில் கொடுத்துவிட்டு ஓட்டப்பந்தயம் ஓடச் சொன்னால் எந்தப் பிள்ளை ஓடும்?

பிறகு நடந்தது வியாபாரம். 2014-இல் மைக்ரோசாஃப்ட் 250 கோடி டாலருக்கு மைன்கிராஃப்டை வைத்திருந்த மோஜாங் நிறுவனத்தை வாங்கியது. 2023-க்குள் விளையாட்டு 30 கோடிப் பிரதிகளைத் தாண்டிவிட்டது. இதற்கு நடுவில் உலாவிகள் ஒவ்வொன்றாக ஜாவா ஒட்டுறுப்பைக் கைவிட்டன. குரோம் 2015-லேயே வெளியே தள்ளிவிட்டது. உலாவிக்குள் ஓடிய முதல் உலகம் அப்படியே மூடிக்கிடந்தது. 2019 மே 7 அன்று, பத்தாம் ஆண்டு நினைவாக, அந்தப் பழைய கிளாசிக் வகையை ஜாவாஸ்கிரிப்டில் மறுபடி எழுதி இலவசமாக உலாவியில் விட்டார்கள். கட்டை 32 வகை. ஒரு சுட்டியை அனுப்பினால் ஒன்பது நண்பர்கள் வரை அதே நிலத்துக்குள் வரலாம். பழைய பிழைகள்கூட அப்படியே இருக்கின்றன என்று அவர்களே பெருமையாக அறிவித்தார்கள். நம் ஊரில் இப்படிச் சொல்லி ஒரு வீட்டை விற்க முடியுமா?

என் பேத்தி கட்டியது அந்தப் பழைய வகையில்தான். அவளுக்குப் பிடித்து அல்ல. காசு கொடுத்து வாங்கும் புது வகையை அந்த லேப்டாப் தாங்காது. காசும் அவளிடம் இல்லை.

இனி முட்டிய வானத்துக்கு வருகிறேன்.

ஸ்ரீவில்லிபுத்தூர் வடபத்ரசாயி கோயில் ராஜகோபுரம் 11 நிலை, 192 அடி. மாநில அரசின் முத்திரையில் இருப்பது இது என்றுதான் நாம் பள்ளிக்கூடத்தில் படித்தோம். முத்திரையை 1949-இல் வரைந்தவர் ஓவியர் ஆர். கிருஷ்ணராவ், அவர் வரைந்தது மதுரை மேலைக் கோபுரத்தை என்று சொல்பவர்களும் இருக்கிறார்கள். ஸ்ரீவில்லிபுத்தூரில் பிறந்து ராஜபாளையத்தில் மேடை ஏறியிருக்கும் நான் அந்த வழக்குக்குள் நுழைவது உடம்புக்கு நல்லதல்ல. மேலே போகிறேன்.

192 அடி என்றால் ஐம்பத்தெட்டரை மீட்டர். விளையாட்டில் ஒரு கட்டை ஒரு மீட்டர். ஆகக் கோபுரம் உள்ளபடி நிற்க 59 கட்டை உயரம் வேண்டும். பழைய கிளாசிக் உலகத்தின் மொத்த உயரம் 64. போதுமே என்று தோன்றும். ஆனால் அந்த 64-இல் பாதி தரைக்குக் கீழே போய்விடுகிறது, தோண்டி விளையாடுவதற்கு. தரைக்கு மேலே மிஞ்சுவது 32 கட்டை உயர வானம்.

சரி, பாதி அளவில் கட்டுவோம் என்றேன். பாதி என்றால் 29 கட்டை. 11 நிலைக்குப் பங்கு போட்டால் நிலைக்கு இரண்டரைக்குக் கொஞ்சம் மேல். அரைக் கட்டையை வைத்துக்கொண்டு நிலை பிரிக்க முடியாது. மூன்று மூன்றாக வைத்தால் 33. வானத்தைக் கிழித்துக்கொண்டு ஒரு கட்டை வெளியே போகும். இரண்டிரண்டாக வைத்தால் 22. அடித்தளத்துக்கு 5, உச்சியில் வளைந்து நிற்கும் 'சாலை' என்ற கூரைக்கு 3, கலசத்துக்கு 1. ஆக 31. தலைக்கு மேல் ஒரு கட்டை வானம் பாக்கி.

இந்தக் கணக்கை நானும் அவளும் கிராஃப் தாளில் போட்டு முடிக்க இரண்டு நாள் ஆனது. அடுத்தது அகலம். நிலைக்கு நிலை கோபுரம் உள்வாங்கிக்கொண்டே போகவேண்டும். பக்கத்துக்கு ஒரு கட்டை குறைத்தால் எட்டாவது நிலையிலேயே கோபுரம் ஊசியாகிவிட்டது. குறைக்காவிட்டால் மில் புகைபோக்கி மாதிரி நிற்கிறது. இரண்டு நிலைக்கு ஒருமுறை குறைத்துப் பார்த்தோம், படிக்கட்டாகத் தெரிந்தது. என் மாணவர்களுக்குப் பிளானையும் எலிவேஷனையும் இணைத்துப் பார்க்கக் கற்றுக்கொடுக்க ஒரு செமஸ்டர் ஆகும். தரையில் ஒரு கோடு போட்டால் அது எழுந்து நிற்கும்போது எப்படி இருக்கும் என்பதைக் கண்ணுக்குள் கொண்டுவருவதுதான் அந்தப் பாடத்தில் கஷ்டம். இவள் மூன்றாம் நாள், "தாத்தா, முன்பக்கத்திலயும் பக்கவாட்டிலயும் ஒரே மாதிரி குறைக்கக் கூடாது, கோபுரம் சதுரமில்லையே" என்றாள். நான் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டேன்.

கொத்தனார் யாராவது இங்கே இருந்தால் மன்னிக்கவேண்டும். இந்த விளையாட்டில் சாந்து கிடையாது, சாரம் கிடையாது, தூக்குக்குண்டு கிடையாது. கீழ்வரிசையை உருவிவிட்டால் மேல்வரிசை அந்தரத்தில் நிற்கும். ஒரே ஒரு நேர்மையான பொருள் மணல். அடியில் தாங்கலை எடுத்தால் அது மட்டும் பொத்தென்று விழும், கூடவே சரளையும். நம் பக்கத்துக் கோபுரங்களைக் கீழே கல்லாலும் மேலே செங்கல், சுதையாலும் கட்டியது கனம் மேலே போகப்போகக் குறையவேண்டும் என்பதற்காகத்தான். உள்ளே கூடாக விட்டதும் அதற்குத்தான். இதைச் சொன்னதும் அவள் தன் கோபுரத்தின் உள்ளே நிரப்பியிருந்ததையெல்லாம் தட்டி எடுக்க ஆரம்பித்தாள். வேண்டாம்மா, இங்கே கனமே இல்லையே என்றேன். "இருந்தாலும்" என்றாள்.

அந்த 'இருந்தாலும்' என்ற சொல்லுக்காகவே இந்த விளையாட்டை நான் மன்னித்துவிட்டேன்.

வெளிப்பூச்சுக்கு அவள் எடுத்தது வெள்ளைத் துணிக் கட்டை. பழைய வகையில் பல நிறத்தில் துணிக் கட்டைகள் உண்டு. நம் கோபுரம் மதுரைக் கோபுரங்களைப் போல உடம்பெல்லாம் சிற்பம் அப்பியது அல்ல என்பதால் வேலை சுலபமாக முடிந்தது. சத்திரப்பட்டிக்காரர்கள் பார்த்தால் பேண்டேஜ் சுற்றிய கோபுரம் என்பார்கள். அவர்கள் தறியில் ஓடுவது அதுதானே.

இவ்வளவு பெரிய உலகம் அந்தக் கிழட்டு லேப்டாப்பில் எப்படி ஓடுகிறது என்று எனக்குச் சந்தேகம். கணக்குப் போட்டேன். பழைய வகையில் வழக்கமான உலகம் 256 கட்டை நீளம், 256 அகலம், 64 உயரம். பெருக்கினால் 41,94,304 கட்டைகள். ஒவ்வொரு கட்டைக்கும் அது மண்ணா கல்லா என்று குறித்துவைக்க ஒரு பைட் போதும். மொத்த உலகமும் 4 எம்.பி. கல்யாண வீட்டிலிருந்து வாட்ஸ்அப்பில் வரும் வீடியோ இதைவிடப் பெரிது. அடுத்த தந்திரம், வெளியே தெரியும் முகங்களை மட்டும் வரைவது. வெள்ளையடிப்பவர் சுவருக்குள் புதைந்த செங்கலுக்கு வெள்ளை அடிப்பாரா? அதே கதைதான். மலைகள் தாமாக முளைப்பது கென் பெர்லின் என்பவர் 'டிரான்' படத்துக்கு வேலை செய்தபின் 1983-இல் கண்டுபிடித்த ஒரு கணக்கால். அதற்கு 1997-இல் தொழில்நுட்ப ஆஸ்கார் கொடுத்தார்கள். எங்கள் உலகத்தில் கோபுரத்துக்குப் பின்னால் ஒரு குன்று தானாக வந்திருந்தது. அதற்கு இந்த ஊர்ச் சஞ்சீவி மலையின் பெயரையே வைத்தோம். ராஜபாளையத்தையும் ஸ்ரீவில்லிபுத்தூரையும் இவ்வளவு பக்கத்தில் யாரும் வைத்ததில்லை.

இந்த வகை விளையாட்டை ஆங்கிலத்தில் சாண்ட்பாக்ஸ் விளையாட்டு என்கிறார்கள். அவர்கள் ஊரில் பூங்காவில் மரச்சட்டம் அடித்து அதற்குள் மணலைக் கொட்டிப் பிள்ளைகளை விடுவார்கள். இதை 'மணற்பெட்டி' என்று ஒருவர் தமிழாக்கியதைப் பார்த்தேன். பெட்டி எதற்கு? நம்மிடம் தெருவே மணலாக இருந்தது. அதில் சின்னப் பெண்கள் கட்டிய வீட்டுக்குச் சிற்றில் என்று பெயர். சிறு இல், சிற்றில். இரண்டாயிரம் வருஷமாக இருக்கிற சொல். அந்தச் சொல்லுக்கு ஒரு ஊர் சொல் என்றால் ஸ்ரீவில்லிபுத்தூரைத்தான் சொல்வேன்.

அந்த ஊர் ஆண்டாள் என்றதும் நமக்குத் திருப்பாவை முப்பதுதான் நினைவுக்கு வரும். அவள் பாடிய இன்னொன்று நாச்சியார் திருமொழி, 143 பாட்டு. அதில் இரண்டாம் திருமொழி முழுக்கச் சிற்றில்தான். தெருவில் மணல்வீடு கட்டுகிற பெண்கள் கண்ணனைப் பார்த்து, எங்கள் வீட்டை வந்து கலைக்காதே என்று கெஞ்சுகிறார்கள். பக்தியை ஒரு நிமிஷம் ஓரமாக வைத்துவிட்டு, வேலை செய்பவள் எழுதியதாக அதைப் படித்துப் பாருங்கள். வாய் வட்டமான சின்னப் பானை, சின்னச் சுளகு, மணல்: மூன்று பொருளையும் கணக்காகச் சொல்கிறாள். மணல் எப்படிப்பட்டது என்றால் வெள்ளையான, நுண்ணிய மணல். சுளகு எதற்கு என்று கட்டட வேலை தெரிந்தவர்களுக்குப் புரியும். நுண்ணிய மணல் தானாகக் கிடைக்காது. பொழுதெல்லாம் உட்கார்ந்து கட்டி முதுகு வலிக்கிறது என்கிறாள். முதுகு வலியைப் பாட்டில் வைத்தவள் மணலில் கைவைத்தவளாகத்தான் இருக்கவேண்டும். என் பேத்தியும் அதைத்தான் சொன்னாள், ஆனால் அவள் முதுகு வலிக்குக் காரணம் கட்டிலில் கோணலாகப் படுத்துக்கொண்டு விளையாடியது.

ஆண்டாளின் அப்பா பெரியாழ்வார் கண்ணனைக் குழந்தையாக்கித் தாயின் இடத்திலிருந்து பாடியவர். பிள்ளைத்தமிழ் என்ற வகைக்கு ஊற்றுக்கண் அங்கேதான் என்பார்கள். பிற்காலத்தில் ஆண்பால் பிள்ளைத்தமிழுக்குப் பத்துப் பருவம் வகுத்தபோது எட்டாவது பருவம் சிற்றில். சிறுவன் வந்து சிறுமிகளின் மணல்வீட்டை மிதித்துக் கலைக்கவேண்டும். கலைக்காதே என்று அவர்கள் பாடவேண்டும். அதற்கும் வெகுகாலம் முன்னால் கலித்தொகையில், குறிஞ்சிக்கலியில், கபிலரின் தலைவி தோழியிடம் ஒருவனை அடையாளம் சொல்வதே, தெருவில் நம் மணல்வீட்டைக் காலால் கலைத்தானே அவன் என்றுதான். ஆக நம் இலக்கியத்தில் சிற்றில் கட்டுவது பெண், கலைப்பது ஆண். கலைப்பதற்கு ஒரு பருவமே ஒதுக்கினார்கள். கட்டுவதைப் பெண்பாலில் சில நூல்கள் வைத்தன, பல நூல்கள் வைக்கவில்லை. இது எனக்கு என்றைக்கும் உறுத்தல்.

கலைப்பதற்கு இந்த விளையாட்டிலும் ஆள் உண்டு. 2014-இல் டென்மார்க் அரசின் நில அளவைத் துறை தங்கள் நாடு முழுவதையும் உள்ளது உள்ளபடி, ஒரு மீட்டருக்கு ஒரு கட்டை என்று மைன்கிராஃப்டில் எழுப்பிப் பள்ளிப் பிள்ளைகளுக்காகத் திறந்துவிட்டது. வெடி வைக்கும் வசதியை முன்யோசனையாக முடக்கியிருந்தார்கள். வெடி ஏற்றிய தள்ளுவண்டியை முடக்க மறந்துவிட்டார்கள். யாரோ அந்த வழியாக வந்து ஒரு பகுதியைத் தகர்த்து அமெரிக்கக் கொடியை நட்டுவைத்துவிட்டுப் போனார்கள். அரசாங்கம் கட்டினாலும் சிற்றில் சிற்றில்தான்.

வேறுவிதமாகவும் பயன்பட்டிருக்கிறது. ஐ.நா.வின் குடியிருப்புத் திட்ட அமைப்பு 2012 முதல் மோஜாங்கோடு சேர்ந்து, ஏழை ஊர்களின் பொது இடங்களை அங்குள்ள மக்களையே இந்தக் கட்டைகளால் வரைந்துகாட்டச் சொல்கிறது. நைரோபியில் ஒரு மைதானம், நேபாளத்துக் கீர்த்திபூரில் ஒரு குளக்கரை. பிளான் படிக்கத் தெரியாத பாட்டியும், இங்கே படிக்கட்டு வேண்டும், இங்கே நிழல் வேண்டும் என்று தொட்டுக் காட்டுகிறாள். ஸ்ரீவில்லிபுத்தூர் திருமுக்குளத்தின் கரையை நம் பிள்ளைகளிடம் கொடுத்து இப்படி ஒருமுறை வரையச் சொன்னால் என்ன? என் மாணவர்கள் பலர் இன்றைக்கு நகராட்சிகளில் இருக்கிறார்கள். அவர்கள் காதில் விழட்டும்.

பெற்றோர்களுக்கு நான் சொல்ல இருப்பது கொஞ்சம்தான். இதே பெயரில், இதே தோற்றத்தில் உலாவியில் நூறு போலிகள் உண்டு. விளம்பரத்தைத் தட்டினால் எங்கேயோ கொண்டுபோய் விடும். சுட்டி அனுப்பி உள்ளே அழைக்கும் ஒன்பது பேர் யார் என்று கேளுங்கள். தமிழ் வேண்டுமென்றால் கணினியில் நிறுவும் ஜாவா வகையின் மொழிப் பட்டியலில் தமிழும் இருக்கிறது. காசில்லாமல் வேண்டுமென்றால் லுவாண்டி என்ற கட்டற்ற மென்பொருள் இருக்கிறது, முன்பு மைன்டெஸ்ட் என்று பெயர். எத்தனை மணி நேரம் விளையாடலாம் என்று என்னைக் கேட்காதீர்கள். பதினொரு மணி வரை உட்கார்ந்தவனிடம் கேட்கிற கேள்வியா அது?

எங்கள் கோபுரம் என்ன ஆனது என்று பின்வரிசையில் ஒரு பையன் சைகை காட்டுகிறான். சொல்கிறேன்.

கட்டி முடித்து இரண்டு நாள் இருந்தது. மூன்றாம் நாள் அவள் தம்பி லேப்டாப் மெதுவாக ஓடுகிறது என்று அக்காவுக்கு உதவியாக உலாவியின் ஹிஸ்டரி, குக்கி எல்லாவற்றையும் சுத்தமாகத் துடைத்துவைத்தான். உலாவிக்குள் வைத்தது உலாவியோடு போகும். திறந்தால் புது நிலம், புது மரங்கள், சஞ்சீவி மலைகூட இல்லை. பையன் வயது ஆறு. சிற்றில் பருவம் தாண்டாதவன். வீட்டில் பெரிய ரகளை நடக்கப்போகிறது என்று நான் எழுந்து நின்றேன்.

இந்த இடத்தில் ஆண்டாள் ஒன்று சொல்கிறாள். நீ அழித்தாலும் எங்கள் மனசு உன் பக்கம் உருகி ஓடுமே தவிர, கோபம் என்று எதுவும் இல்லை என்கிறாள். ஏழாம் வகுப்புப் பெண்ணுக்கு அவ்வளவு பெருந்தன்மை இல்லை. தம்பி முதுகில் இரண்டு வைத்தாள். அவன் அழுதான், இவளும் அழுதாள், இரண்டு பேரும் அவர்கள் ஆச்சியிடம் என்னைப் பற்றிப் புகார் சொன்னார்கள். லேப்டாப்பை இறக்கவிட்டதே நான்தானாம்.

சாயங்காலம் கிராஃப் தாளை எடுத்துக்கொண்டு வந்தாள். "தாத்தா, நம்ம கணக்கிலயே தப்பு. அடித்தளத்துக்கு அஞ்சு போதாது. நேர்ல பாக்கணும்." அடுத்த ஞாயிறு மூன்று பேருமாக டவுன் பஸ் பிடித்து ஸ்ரீவில்லிபுத்தூர் போனோம். தேரடியில் நிழல் பார்த்து நின்றோம். தம்பி கையில் பால்கோவா, அவள் கையில் பென்சில். கீழேயிருந்து ஒவ்வொரு நிலையாக விரல் நீட்டி எண்ணிக்கொண்டே போனாள். பதினொன்றும் சரியாக வந்தது. உச்சியில் கலசத்தை எண்ணத் தொடங்கி மூன்றாவதில் இருக்கும்போது புறாக்கூட்டம் ஒன்று படபடவென்று எழுந்து மறைத்துவிட்டது. "இரு, மறுபடி" என்று முதல் கலசத்துக்குப் போனாள்.